கீச்சென்ற கழுத்து: ஒரு நருகோ கொகேஷியைச் சரிசெய்த அனுபவம்

டிசம்பர் மாதத்து ஞாயிறு மாலை. அடுப்படியில் ரசத்துக்குத் தாளித்துக்கொண்டிருந்தேன். கூடத்தில் மகள் மரப்பொம்மையின் தலையைத் திருகி விளையாடும் ‘கீச், கீச்’ சத்தம் வழக்கம்போலக் கேட்டுக்கொண்டிருந்தது. திடீரென்று ‘டக்’. அதன்பிறகு சத்தமே இல்லை. ஓடிப்போய்ப் பார்த்தால் அவளுடைய ஒரு கையில் தலை, மறு கையில் உடல்.

ஜப்பானின் செண்டாய் நகரில் நாங்கள் குடியேறியபோது வீட்டுக்கார அம்மாள் கொடுத்த கொகேஷி அது, இந்தப் பக்கத்து மரபு மரப்பொம்மை. அறுவடை முடிந்ததும் வெந்நீர் ஊற்று ஊர்களுக்குப் போய்ச் சில நாள் தங்கி உடம்பு வலியை ஆற்றிக்கொண்டு வருவது இந்தப் பக்கத்து விவசாயிகளின் பழைய வழக்கம். அப்படி நருகோவுக்குப் போன அவருடைய அப்பா மகளுக்காக வாங்கிவந்தது. உயரம் 8 சுன், நம் கணக்கில் ஏறக்குறைய 24 சென்டிமீட்டர். உருண்டைத் தலை, கை கால் இல்லாத உருளை உடல், நெஞ்சில் சிவப்புச் சாமந்தி. தலையைத் திருப்பினால் கீச்சென்று ஒரு குரல்.

முறிந்த இடத்தை விளக்கில் பார்த்தேன். தலையிலிருந்து கீழே இறங்கும் முளை பாதியில் ஒடிந்து, மிச்சம் உடலுக்குள்ளேயே சிக்கிக்கிடந்தது. மர கோந்து கையில் இருந்தது. ஐந்து நிமிட வேலை. ஆனால் ஒட்டிவிட்டால் தலை திரும்பாது, சத்தமும் வராது. அந்த ஊரின் பெயரை எழுதும் இரண்டு எழுத்துகளில் முதலாவதற்கு ஒலித்தல் என்றும் அடுத்ததற்குக் குழந்தை என்றும் பொருள். அங்கே பிறந்த பொம்மையை ஊமையாக்க மனம் வரவில்லை. கோந்தை மூடி வைத்துவிட்டேன்.

அடுத்த சனிக்கிழமை கிளம்பினேன். ஷிங்கன்சென் என்ற அதிவேக ரயிலில் ஃபுருகாவா, அங்கிருந்து ரிக்குஊ கிழக்குப் பாதையில் இரண்டு பெட்டி ரயில். வயல்கள் முடிந்து மலை நெருங்கும்போது பனி கொட்ட ஆரம்பித்தது. நருகோ ஒன்சென் நிலையத்தில் இறங்கியதும் கந்தக வாசனை. வீட்டுக்கார அம்மாள் எழுதிக்கொடுத்த முகவரி, ஒரு கொகேஷிப் பட்டறை.

கொகேஷி கடைபவர்களைக் கோஜின் என்பார்கள். இந்தக் கோஜினுக்கு எழுபது வயதுக்கு மேலிருக்கும். பொம்மையின் உடலைத் தலைகீழாகத் திருப்பி, அடியில் மையால் எழுதியிருந்த கையெழுத்தை முதலில் பார்த்தார். செய்தவரை அவருக்குத் தெரியும். இறந்து வெகுகாலம் ஆகிறதாம். பிறகுதான் முறிவைப் பார்த்தார். சரிசெய்து தருகிறேன் என்றோ முடியாது என்றோ சொல்லவில்லை.

“நீங்கள் என்ன வேலை பார்க்கிறீர்கள்?”

கோயம்புத்தூரில் லேத் பட்டறையில் பழகியவன், இங்கேயும் எந்திரப் பாகங்கள் செய்யும் தொழிற்சாலையில்தான் வேலை என்றேன். சற்று நேரம் என் கைகளைப் பார்த்தார்.

“அப்படியானால் கழுத்தை நீங்களே போடுங்கள். முதலில் வேறு மரத்தில் கற்றுக்கொள்ளுங்கள். வந்தால் சொல்லித்தருகிறேன்.”

நான் மகிழ்ச்சியில் அவரை “ஷிஷோ” என்று அழைத்துவிட்டேன். குரு என்று பொருள். உடனே கையை அசைத்து மறுத்தார். “நான் உங்கள் ஷிஷோ இல்லை. நீங்கள் என் தெஷி இல்லை.” சீடன் என்பது அங்கே சும்மா சொல்கிற சொல் இல்லை என்பது எனக்குப் பிறகுதான் புரிந்தது. அன்றிலிருந்து குடும்பப் பெயருடன் ‘சான்’ என்ற மரியாதை விகுதி சேர்த்தே அழைத்தேன்.

முதல் சனிக்கிழமை லேத்தைத் தொடவே விடவில்லை. சுவரோரம் இருந்த அலமாரிகளைக் காட்டிப் பேசினார். ஜப்பானின் வடகிழக்கிலுள்ள தோஹோகு பகுதியில்தான் மரபுக் கொகேஷி பிறந்தது. கிண்ணம், தட்டு கடைந்து பிழைத்த கிஜிஷிகள், அதாவது மரக்கடைசல்காரர்கள், எடோ ஆட்சிக்காலத்தின் பிற்பகுதியில், 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தையொட்டி, வெந்நீர் ஊற்றுக்கு வருபவர்களின் குழந்தைகளுக்காக இதைக் கடையத் தொடங்கினார்கள். பிறகு ஊருக்கு ஒரு முகம், ஊருக்கு ஒரு கழுத்து. பொதுவாக 11 மரபுகள் என்று எண்ணுகிறார்கள். மியாகி மாவட்டத்தில் மட்டும் நருகோ, தோகத்தா, யாஜிரோ, சகுனாமி என்று வரிசையாக உண்டு. அவற்றை ‘மியாகி மரபுக் கொகேஷி’ என்ற பெயரில் 1981-இல் ஜப்பான் அரசு மரபுக் கைவினையாக அறிவித்தது.

மரபை முகத்தை வைத்துத்தான் பிரிப்பார்கள் என்று நினைத்திருந்தேன். அவர் கழுத்தைப் பிடித்துக் காட்டினார். சுகாரு பொம்மையில் தலையும் உடலும் ஒரே கட்டை, பிரிவே கிடையாது. தோகத்தாவில் முளையை இறுக்கிச் செருகிவிடுவார்கள், தலை அசையாது. நாம்பு மரபின் கினாகினா என்ற பொம்மையில் தலை தளர்வாக ஆடும். அதில் வண்ணமே கிடையாது, பல் முளைக்கும் குழந்தை வாயில் வைத்துச் சப்புவதற்காகச் செய்தது. நருகோவில் தலை திரும்பும், கீச்சிடும், ஆனால் கழன்று வராது.

இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். ‘கொகேஷி என்றால் குழந்தையை அழித்தல், பஞ்சத்தில் கொல்லப்பட்ட சிசுக்களின் நினைவாகச் செய்தது’ என்று ஒரு கதை தமிழில்கூடச் சுற்றிவருகிறது. சொல்லின் ஒலியை உடைத்துப் பின்னாளில் கட்டிய கதை அது, பழைய ஆவணச் சான்று கிடையாது. ஒரு காலத்தில் இந்தப் பொம்மைக்கே ஊருக்கு ஊர் வேறு பெயர்: தெகோ, கிபோக்கோ, கிதெகோ. 1940-இல் நருகோவில் கூடிய ஆர்வலர்களும் கோஜின்களும்தான் கொகேஷி என்ற ஒரே பெயரை நிலைநிறுத்தினார்கள். குழந்தை சிரிப்பதற்காகக் கடைந்த பொருளின்மேல் இப்படியொரு இருட்டைப் பூசுவது அதைச் செய்தவர்களுக்கு அநியாயம்.

இனி வேலைக்கு வருகிறேன்.

மரம் மிஸுகி. பெயரின் பொருளே நீர்மரம், வசந்தத்தில் கிளையை வெட்டினால் நீர் கொட்டும். அதனால் நீரோட்டம் குறைந்த பனிக்காலத்தில் வெட்டி, பட்டை உரித்து, காற்றுப் படும்படி அடுக்கிப் பல மாதம் உலர்த்துவார்கள். வெட்டுமுகம் பால்வெள்ளை, ரேகை அவ்வளவு நெருக்கம். நகத்தால் அழுத்தினால் பள்ளம் விழுந்து மெல்ல மீண்டு வருவதுபோல இருக்கும். இந்த இளக்கம்தான் நருகோ கழுத்துக்கு உயிர்.

கடைசல் எந்திரம் ரொகுரோ. ஒரு காலத்தில் ஒருவர் கயிற்றை மாறிமாறி இழுக்க மற்றவர் கடைந்தார்கள், 19-ஆம் நூற்றாண்டின் கடைசியில் காலால் மிதிக்கும் எந்திரம் வந்தது, இப்போது மோட்டார். உலோக லேத்தில் பழகிய எனக்கு முதல் அதிர்ச்சி, மறுமுனைத் தாங்கல் கிடையாது என்பது. கட்டையின் ஒரு முனையைச் சுழலும் அச்சிலுள்ள பல் வைத்த பிடிப்பானில், அதாவது சக்கில், சுத்தியலால் அடித்து ஏற்றுகிறார்கள். மறுமுனை அந்தரத்தில் சுற்றுகிறது. உளியைக் கன்னா என்கிறார்கள். நீண்ட பிடி, நுனியில் கொக்கிபோல வளைந்த வெட்டுவாய். அதைத் தாங்கும் கட்டைக்கு உமா என்று பெயர், குதிரை என்று பொருள். கன்னாவைக் கடையில் வாங்குவதில்லை, எஃகை உலையில் காய்ச்சி அவரவரே அடித்துக்கொள்வார்கள். பட்டறையின் பின்பக்கம் சின்னதாக ஓர் உலை இருந்தது. கொல்லன் வேலையும் கைவந்தால்தான் ஒருவர் கோஜின்.

என் முதல் தலையே கன்னா சிக்கிப் பறந்துபோய்ச் சுவரில் மோதியது. லேத்தில் கருவியை இறுக்கிவிட்டு, சக்கரத்தைத் திருப்பினால் போதும். இங்கே கருவியைப் பிடித்திருப்பது என் கை. வெட்டுவாய் எந்தக் கோணத்தில் சுருள் எடுக்கிறது, எந்தக் கோணத்தில் கொத்துகிறது என்பதை உள்ளங்கை கற்க மூன்று சனிக்கிழமை பிடித்தது. சரியாக வெட்டும்போது வாழைநார்போல நீளமாக ஈரச் சுருள் வரும், உரசல் சத்தம் மாறி ஒரு சீறல் கேட்கும்.

பிறகுதான் கழுத்து.

கணக்கு இதுதான். தலையின் அடியில் முளை, அதன் நுனி கொஞ்சம் புடைத்திருக்க வேண்டும். உடலின் மேலே துளை, அதன் வாய் குறுகி உள்ளே அகன்றிருக்க வேண்டும். புடைப்பு வாயைவிடப் பெரிதாக இருந்தால்தான் உள்ளே போனது வெளியே வராது. பெரிதாக இருப்பது உள்ளே போவது எப்படி? உடலை ரொகுரோவில் சுழலவிட்டு, தலையைக் கையால் பிடித்து அழுத்துவார்கள். உரசலில் சூடேறும். சூட்டில் மரம் ஒரு கணம் இளகி வழிவிடும்.

சின்ன வயதில் அம்பாசமுத்திரத்தில் சொப்புச் சாமான் கடைவதைப் பார்த்திருக்கிறேன். சுழலும் மரத்தில் அரக்குக் கட்டியை அழுத்தினால் உரசல் சூட்டிலேயே அரக்கு உருகிப் பூசிக்கொள்ளும். அதே சூடு இங்கே வேறு வேலை பார்க்கிறது.

வெர்னியர் அளவுகோல் எடுத்துப்போயிருந்தேன். அவர் கண்ணால் கடைந்த ஒரு கழுத்தை அளந்தபோது வாய் 18 மில்லிமீட்டர், புடைப்பு அதைவிட 0.7 அதிகம். நான் பாதுகாப்பாக இருக்கட்டும் என்று 1.5 அதிகம் வைத்தேன். அழுத்தினேன், புகை நாற்றம் வந்தது, ‘பட்’டென்று உடலின் வாய் பிளந்தது. அடுத்தது 0.3. சுலபமாகப் போனது, சுலபமாகவே வெளியேயும் வந்தது. மூன்றாவது, நான்காவது முறைகளில் அளவு சரி, அழுத்தம் தப்பு. தலையை மையத்தில் பிடிக்காமல் சாய்த்துவிட்டதால் முளை ஒரு பக்கம் நசுங்கியது.

ஐந்தாவதை அழுத்தும்போது அவர் பின்னால் வந்து நின்று, “தள்ளாதீர்கள். காத்திருங்கள்” என்றார். சுழலும் உடலில் தலையை நேராக வைத்து, கைகளின் கனத்தை மட்டும் கொடுத்தேன். உள்ளங்கைக்குள் தலை நடுங்கியது. கிறீச்சிடல் உச்சத்துக்குப் போய் மெல்லக் கீழே இறங்கியது. சூடு விரல்வரை வந்தது. பிறகு யாரோ உள்ளேயிருந்து இழுத்ததுபோலத் தலை சட்டென்று ஒரு படி கீழே போனது. அவர் மிதியை விட்டார். மோட்டார் நின்றது. தலையைத் திருப்பினேன்.

கீச்.

அவருடைய மனைவி ஊறுகாயும் தேநீரும் கொண்டுவந்து வைத்தார். அன்று அதற்குமேல் யாரும் எதுவும் பேசவில்லை.

ஆனால் ஒரு வாரத்தில் அந்தக் கழுத்து ஊமையாகிவிட்டது. என் வீட்டில் இரவும் பகலும் ஹீட்டர் ஓடும். வறண்ட காற்றில் முளை சுருங்கித் தளர்ந்துவிட்டது. தலைக்கு நான் எடுத்த கட்டை முழுதாகக் காயவில்லை. முளை உடலைவிடக் காய்ந்திருக்க வேண்டும் என்றார் அவர். எடையைக் கையில் தூக்கிப் பார்த்தே கட்டைகளைப் பிரித்து வைத்தார். ஆறாவது கழுத்துக்கு மாதக்கணக்கில் அடுப்பருகே கிடந்த கட்டையைக் கொடுத்தார்.

ஏழாவதில் வேறு பாடம். அதை வண்ணம் வரை கொண்டுபோகலாம் என்றார். கடைந்ததும் மேற்பரப்பைத் தேய்க்க முன்பெல்லாம் தொகுசா என்ற கரகரப்பான தண்டுச் செடியை உலர்த்தி வைத்துப் பயன்படுத்தினார்கள். இப்போது பெரும்பாலும் உப்புத்தாள். அவர் கடைசித் தேய்ப்புக்கு இன்றும் தொகுசாவைத்தான் எடுக்கிறார். நான் அவசரத்தில் அதை விட்டுவிட்டேன். விளைவு கண்ணில் தெரிந்தது, பொம்மையின் கண்ணில். மைக்கோடு இழுத்ததும் நார் வழியே ஊறி, இமை மீசை முளைத்ததுபோல விரிந்தது. சாயம் நீரில் கரைத்தது, மேல்தோல் மூடாத மரத்தில் நிற்காது.

தோளிலும் அடியிலும் உள்ள வட்டக் கோடுகளைப் போடுவது மட்டும் எனக்கு உடனே பிடிபட்டது. உடல் சுழலும்போது சாயத் தூரிகையின் நுனியை வைத்தால் போதும், வளையம் தானே மூடிக்கொள்ளும். கடைசியில் சுழற்சியிலேயே மெழுகு தேய்த்துத் துணியால் மெருகேற்றினேன். மிகையாகத் தேய்த்துவிட்டேன் போல. மெழுகு கழுத்திடுக்கில் இறங்கி, அருமையாகக் கத்திக்கொண்டிருந்த பொம்மை எண்ணெய் போட்ட கதவுக்கீல் மாதிரி அமைதியாகிவிட்டது. கீச் சத்தம் என்பது காய்ந்த மரம் காய்ந்த மரத்தைப் பற்றிப்பற்றி விடுவதால் வருவது. நடுவில் மெழுகு போனால் பிடிப்பு போய்விடும். இதைப் படித்துவிட்டு யாராவது முயன்றால், தலைக்கும் தோளுக்கும் நடுவே மெழுகைக் கொண்டுபோகாதீர்கள்.

எட்டாவது கழுத்து பத்து நாள் என் ஹீட்டர் அறையில் இருந்தும் குரல் மாறவில்லை. அதன்பிறகுதான் பழைய பொம்மையை அலமாரியிலிருந்து எடுத்தார்.

கடைந்து முடித்த, வண்ணம் பூசிய உடலைப் பல் வைத்த சக்கில் அடித்து ஏற்ற முடியாது. கையெழுத்துள்ள அடிப்பாகம் போய்விடும். ஒரு வீண்கட்டையைச் சக்கில் ஏற்றி, உடலின் அடிப்பகுதி அச்சாக உட்காரும்படி உள்ளே குடைந்து ஒரு கிண்ணம் செய்தோம். உடலை மெல்லிய வாஷி காகிதத்தில் சுற்றி அதில் செருகினோம். கிண்ணத்தின் ஆழம் ஒரு மில்லிமீட்டர் மாறினாலும் உடல் ஆடியது, மூன்று தடவை திரும்பக் கடைந்தேன். பிறகு மெதுவாகச் சுழலவிட்டு, உள்ளே சிக்கியிருந்த பழைய முளையை மையத்திலிருந்து வெளிப்புறமாகத் துருவி எடுத்தேன். கடைசியில் ஒரு மெல்லிய வளையம் தானாகப் பிரிந்து விழுந்தது. துளையின் வாயில் ஒரு கீறல்கூட இல்லை. அதைக் குடைந்த மனிதரின் கன்னா விட்ட நுண்ணிய வரிகள் உள்ளே அப்படியே இருந்தன.

தலையிலிருந்து ஒடிந்த அடிக்கட்டையையும் குடைந்தெடுத்து, காய்ந்த மிஸுகியில் புதிய முளை கடைந்து அங்கே மட்டும் கோந்து வைத்துப் பதித்தோம். இரண்டு நாள் விட்டு, முளையின் நுனிக்குப் புடைப்பு கொடுத்தேன்.

இதற்கிடையில் ஒன்று கண்ணில் பட்டது. தலை மூடியிருந்த தோள்பகுதியில், துளையைச் சுற்றி, ஒரு விரல் அகலத்துக்குச் சாயம் புத்தம் புதிதாக இருந்தது. பச்சைக் கோடு கிளிப்பச்சை. வெளியே அதே கோடு வைக்கோல் நிறம். சாமந்தியின் சிவப்பு பாதியாவது தங்கியிருக்கிறது, இலைகளின் பச்சை மட்டும் நிழல்போலத்தான் தெரிகிறது. வெளிச்சம் அத்தனையையும் தின்றிருக்கிறது. கொகேஷி சேகரிப்பவர்கள் ஏன் பொம்மைகளை இருட்டுப் பெட்டியில் வைக்கிறார்கள் என்று அப்போது புரிந்தது.

“அசல் பச்சை எதுவென்று தெரிந்துவிட்டதே, மேலே தொட்டுவிடலாமா?” என்று கேட்டேன்.

“அது அவருடைய கை. நாம் தொட்டால் இது உங்கள் பொம்மையும் இல்லை, அவர் பொம்மையும் இல்லை.”

இதைச் சொன்னவரே தன் குருவின் பொம்மைகளை வருடக்கணக்கில் அப்படியே பார்த்துக் கடைந்திருக்கிறார். அதற்கு உட்சுஷி என்று பெயர். பிறர் வடிவத்தைக் கற்றுப் புதிதாகச் செய்வது, செய்தவர் பெயரைச் சொல்லி, அந்தக் குடும்பத்தின் சம்மதத்தோடு. மரபு அப்படித்தான் கைமாறுகிறது. பழைய பொம்மையின்மேல் புதுச்சாயம் பூசி அல்ல. எனக்கு இது முதலில் பிடிவாதமாகத் தோன்றியது. இப்போது அவர் சொன்னதே சரி என்று நினைக்கிறேன். மங்கிய பச்சையை அப்படியே விட்டாலும் அந்தக் கழுத்தைப் போடத் தெரிந்த ஒரு கை இருக்கும்வரை நருகோ இருக்கும். கை போய்விட்டால், இருட்டுப் பெட்டியில் எத்தனை பச்சை மிஞ்சினாலும் பயனில்லை.

அந்தக் கைகள்தான் குறைந்துகொண்டே வருகின்றன. அவருக்கு அடுத்து அந்தப் பட்டறையில் ஆள் இல்லை. 1960, 70-களில் ஜப்பான் முழுக்கக் கொகேஷி மோகம் இருந்தது, பிறகு அடங்கியது. 2010-ஐ ஒட்டி இளம்பெண்கள் கூட்டம் ஒன்று மறுபடி தேடிவந்து வாங்க ஆரம்பித்தது, அவர்களைக் கொகெஜோ என்கிறார்கள். ஆனால் வாங்குகிறவர்கள் பெருகுவதும் கடைகிறவர்கள் பெருகுவதும் ஒன்றல்ல. யாஜிரோ மரபுள்ள ஷிரோஇஷி நகரில் செய்கிற முயற்சி எனக்கு நம்பிக்கை தருகிறது. கிராமப்புறங்களில் குடியேறி வேலை செய்பவர்களுக்கு உதவித்தொகை கொடுக்கும் அரசுத் திட்டம் ஒன்று 2009-இல் தொடங்கியது. அதன் வழியாக வெளியூர் இளைஞர்களைக் கொண்டுவந்து கோஜின்களிடம் பழக விடுகிறார்கள். கொகேஷி குடும்பத்தில் பிறக்காதவர்களும் ரொகுரோவின் முன்னால் உட்கார முடிகிறது. மாதச் செலவுக்கு வழி இருந்தால்தான் ஒருவர் வருடக்கணக்கில் தலைகளைப் பாழாக்கிக் கற்க முடியும். நான் எட்டுச் சனிக்கிழமைகளில் பாழாக்கிய மரத்தைப் பார்த்தபின் இதை உறுதியாகச் சொல்கிறேன்.

பிப்ரவரி கடைசியில் பழைய தலையைப் பழைய உடலில் வைத்து அழுத்தினேன். ஒரே வாய்ப்பு, உடைந்தால் மாற்று இல்லை. தலையின் முகத்தைக் காகிதத்தால் மூடியிருந்தேன், மையைக் கைவியர்வை தொடக்கூடாது. காத்திருந்தேன். கிறீச்சிடல் ஏறி இறங்கியது. ஒரு படி கீழே போனது.

காகிதத்தைப் பிரித்து அவர்தான் முதலில் திருப்பிப் பார்த்தார். இரண்டு பக்கமும். பிறகு என்னிடம் நீட்டினார்.

சத்தம் முன்பைவிடக் கொஞ்சம் கனம். வீட்டுக்கார அம்மாள் கேட்டதுமே, “சளி பிடித்ததுபோல இருக்கிறது” என்று சொல்லித் திரும்பத் திரும்பத் திருகினார். மகளுக்கு வித்தியாசமே தெரியவில்லை.

நான் கடைந்த எட்டாவது பொம்மையையும் கோஜின் கொடுத்தனுப்பியிருந்தார். அதன் அடியில் பெயர் எழுதட்டுமா என்று கேட்டதற்கு வேண்டாம் என்றார். அடிப்பாகம் வெறுமையாகவே இருக்கிறது. ஜூன் மாத மழையில் மரம் ஈரம் இழுத்து ஊதும், மழை ஓய்ந்ததும் இரண்டு கழுத்துகளையும் கொண்டுவந்து காட்டச் சொல்லியிருக்கிறார்.